டெலிவிஷனில் தெரிந்த கையும், தெரியாத கையும்

ஐஸ் ஹாக்கி என்ற ஆட்டத்தை நம் தோழர்களில் அநேகர் கண்டிருக்க மாட்டார்கள். தண்ணீரை உறைய வைத்துத் தரையாக்குகிறார்கள். காலில் இரும்புத் தகடு பொருத்திய பூட்ஸ். கையில் வளைந்த கோல். பந்துக்குப் பதில் தட்டையான ஒரு ரப்பர் வட்டு. இந்தப் பக்கம் ஆறு பேர், அந்தப் பக்கம் ஆறு பேர். களத்தைச் சுற்றிலும் பலகைச் சுவர். வட்டு வலைக்குள் விழுந்தால் வலைக்குப் பின்னால் சிவப்பு விளக்கு எரியும். ஆட்டம் அவ்வளவுதான். ஆனால் கனடா நாட்டு மக்களுக்கு இது வெறும் ஆட்டமல்ல. நம் ஊரில் அம்மன் திருவிழா எப்படியோ அப்படி. 1952 முதல் அந்நாட்டில் சனிக்கிழமை இரவென்றால் டெலிவிஷனில் ஹாக்கி என்று ஆகிவிட்டது.

இந்த ஆட்டத்தை ஆடிய வீரர்களைப் புகழ நாம் எழுத வரவில்லை. ஆடாமலேயே டெலிவிஷனில் வீரராகிவிட்ட ஒருவரைப் பற்றி எழுதுகிறோம். அவர் பெயர் ஆலன் ஈகிள்சன். டொரான்டோ நகரத்து வக்கீல். ஹாக்கி ஆட்டக்காரர்களின் சங்கத்துக்கு 1967 முதல் 1991 முடிய நிர்வாகத் தலைவர். ஆம் தோழர்களே, தொழிற்சங்கத் தலைவர்! பனிக்கட்டியைக் காணாத நமக்கும் அவருடைய கதை வேண்டியிருப்பது இதனால்தான்.

முதலில் அவர் டெலிவிஷனில் தோன்றிய காட்சியைப் பார்ப்போம்.

1972 செப்டம்பர் 28. மாஸ்கோ, லுஷ்னிகி அரங்கம். கனடா அணிக்கும் சோவியத் அணிக்கும் எட்டு ஆட்டங்கள் கொண்ட தொடரில் கடைசி ஆட்டம். கனடாவில் பள்ளிக்கூடங்களில் பாடத்தை நிறுத்திவிட்டுப் பிள்ளைகளை டெலிவிஷன் முன்னால் உட்கார வைத்திருந்தார்கள். மூன்றாவது பகுதியில் கனடா 5-5 என்று சமன் செய்தது. ஆனால் சிவப்பு விளக்கு எரியவில்லை. உடனே பார்வையாளர் பக்கத்திலிருந்து ஈகிள்சன் எழுந்தார், கூச்சலிட்டார், கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு பாய்ந்தார். காவலர்கள் அவரைப் பிடித்தார்கள். கனடா ஆட்டக்காரர் பீட் மஹாவ்லிச் பலகைச் சுவரைத் தாண்டிக் குதித்து, கோலை உயர்த்தி அவரை மீட்டார். பிறகு களத்தின் குறுக்கே, பனிக்கட்டி மீது, அவரைத் தங்கள் பக்கம் அழைத்துப் போனார்கள். போகும் வழியில் ஈகிள்சன் மாஸ்கோ மக்கள் கூட்டத்தை நோக்கிக் கையை உயர்த்தி அவமரியாதையாகச் சைகை காட்டினார். கோடிக்கணக்கான கண்கள் அதைப் பார்த்தன. ஆட்டம் முடிய 34 விநாடி இருக்கையில் பால் ஹெண்டர்சன் போட்ட கோலால் கனடா 6-5 என்று வென்றது.

விளக்கு பழுதாகி நின்றதா, வேண்டுமென்றே போடாமல் விட்டார்களா என்ற வழக்கில் நாம் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. கோல் கோல்தான். அது கணக்கிலும் ஏறியது. காவலர்கள் ஒரு விருந்தாளியைப் பிடித்து இழுத்தது அழகல்ல என்பதையும் ஒளிக்காமல் சொல்லி விடுகிறோம். நமக்கு வேண்டியது வேறு விஷயம். அன்று முதல் கனடாவில் ஈகிள்சன் என்றால் "மாஸ்கோவிலேயே கையை ஓங்கிய ஆண்பிள்ளை" என்ற பெயர் நிலைத்துவிட்டது. அந்த ஓங்கிய கையின் பின்னால் இன்னொரு கை இருந்தது. அதை எந்தக் காமிராவும் காட்டவில்லை.

அந்தத் தொடரைக் கனடாவில் டெலிவிஷனில் காட்டும் உரிமை யார் கையில் இருந்தது தெரியுமா? ஒரு விளம்பரக் கம்பெனி 5 லட்சம் டாலர் கொடுக்க முன்வந்தது. அதற்கு மேல் ஏறி 7 லட்சத்து 50 ஆயிரம் டாலர் கொடுத்து உரிமையை எடுத்தவர்கள் இரண்டு தரப்பினர். ஒன்று, பாபி ஆர் என்ற புகழ்பெற்ற ஆட்டக்காரரின் பெயரில் இருந்த கம்பெனி. அதை நடத்தியவர் ஈகிள்சன். மற்றொன்று, டொரான்டோ அணியின் முதலாளி ஹரால்ட் பல்லார்ட். தொழிலாளி சங்கத்தின் தலைவரும் முதலாளியும் ஒரே வியாபாரத்தில் கூட்டாளிகள்! காலையில் கூலி பேச எதிரெதிரே உட்கார வேண்டியவர்கள் மாலையில் லாபம் பிரிக்கப் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். அந்தப் பல்லார்ட் எப்படிப்பட்டவர்? தம் சொந்தக் கம்பெனிப் பணத்தையே கையாடியதற்காக அதே 1972 ஆகஸ்டில் கோர்ட்டில் குற்றவாளி என்று தீர்ப்பானவர். அக்டோபரில் 3 ஆண்டு சிறைத் தண்டனை பெற்றவர். அந்த இரண்டு மாதங்களுக்கும் நடுவில்தான் இந்தத் தேசபக்தித் திருவிழா நடந்து முடிந்தது.

"ஐயா, லட்சம் லட்சமாகச் சம்பாதிக்கிற ஆட்டக்காரர்களுக்காக நூற்பாலைத் தொழிலாளியும் வயலில் களை பறிக்கிறவளும் ஏன் கவலைப்பட வேண்டும்?" என்று ஒரு தோழர் கேட்கக்கூடும். கேட்க வேண்டிய கேள்விதான். இன்றைக்கு அவர்கள் வாங்கும் சம்பளம் நம் கணக்குக்கு எட்டாது. ஆனால் இந்தக் கதை தொடங்கிய காலத்தில் நிலைமை அப்படி இல்லை. 1950களில் நேஷனல் ஹாக்கி லீகில் இருந்தது ஆறே அணிகள். கோடைக் காலத்தில் வேறு வேலைக்குப் போய் வயிற்றைக் கழுவிய ஆட்டக்காரர்கள் பலர். ஒருவனுக்கு என்ன சம்பளம் என்று பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் மற்றவனுக்குத் தெரியாது. முதலாளி வேண்டாம் என்றால் வெளியே. விற்றால் அடுத்த ஊருக்கு மூட்டை கட்ட வேண்டும். மாட்டுச் சந்தையில் கூட மாட்டின் பல்லைப் பார்த்து விலை பேசுவார்கள்; இங்கே அந்தப் பேச்சும் இல்லை.

டெலிவிஷன் வந்தது. முதலாளிகளுக்குப் புதுப் பணம் கொட்டியது. ஆட்டக்காரனுக்கு அதில் ஒரு காசு உண்டா? இதைத்தான் 1957 பிப்ரவரியில் டிட்ராய்ட் அணியின் டெட் லிண்ட்சே கேட்டார். மாண்ட்ரியல் அணியின் டக் ஹார்வி முதலியோரைச் சேர்த்துக்கொண்டு சங்கம் அமைத்தார். டெலிவிஷன் வருமானத்தில் பங்கு எங்கே, பென்ஷன் நிதியின் கணக்கு எங்கே என்பவைதான் அவர்கள் எழுப்பிய கேள்விகள். டிட்ராய்ட் மோட்டார் தொழிற்சாலை நகரம். லிண்ட்சேயும் கார்டி ஹோவும் ஆடிய முன்வரிசைக்கு அந்த நகரத்தார் வைத்த பெயரே "உற்பத்தி வரிசை" என்பதுதான். அங்கே சங்கம் என்றால் என்ன என்று யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

முதலாளிகள் என்ன செய்தார்கள்? நாம் அறிந்ததையே செய்தார்கள். லிண்ட்சே தம் வாழ்நாளிலேயே சிறந்த ஆட்டம் ஆடி முடித்த பருவம் அது, 85 புள்ளிகள். அந்தக் கோடையிலேயே அவரைச் சிகாகோ அணிக்குத் தள்ளினார்கள். டிட்ராய்ட் அணியும் சிகாகோ அணியும் அப்போது ஒரே நாரிஸ் குடும்பத்தின் பிடியில் இருந்தன என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். ஒரு மில்லிலிருந்து நீக்கி அதே குடும்பத்தின் மறு மில்லுக்குத் தண்டனை மாற்றல் செய்வது போல! டிட்ராய்ட் மானேஜர் லிண்ட்சேயின் சம்பளம் இவ்வளவு என்று பொய்க் கணக்கைப் பரப்பினார். மிரட்டலும் பொய்யும் சேர்ந்து வேலை செய்தன. நவம்பரில் லிண்ட்சேயின் பழைய அணியினரே சங்கத்தை விட்டு விலகினார்கள். 1958 தொடக்கத்தில் சங்கம் கலைந்தது. குறைந்தபட்ச சம்பளம் 7,000 டாலர், பென்ஷனில் கொஞ்சம் உயர்வு. இவை மட்டும் மிஞ்சின. சங்கத்தைக் கொன்றவர்கள் கூட வெறுங்கையோடு அனுப்ப அஞ்சினார்கள் என்றால், இருந்த ஒரு வருஷத்தில் அது எவ்வளவு பயமுறுத்தியிருக்க வேண்டும்!

ஒன்பது ஆண்டுக்குப் பிறகு, அந்தச் சாம்பல் மேட்டில் வந்து நின்றவர்தான் ஈகிள்சன்.

அவர் தொடக்கத்தில் நல்லது ஒன்றும் செய்யவில்லை என்று நாம் சொல்ல மாட்டோம். 1966 இறுதியில் அமெரிக்காவின் ஸ்பிரிங்பீல்டு நகர அணியின் முதலாளி எட்டி ஷோர், ஆட்டக்காரர்களைச் சம்பளமில்லாமல் சஸ்பெண்ட் செய்து வதைத்தார். அவர்கள் ஆட மறுத்து நின்றார்கள். ஈகிள்சன் அங்கே போய் அவர்களுக்காக வாதாடினார். ஷோர் இறங்கி வந்து அதிகாரத்தை விட்டுக் கொடுத்தார். அந்தப் புகழோடு 1967 ஜூனில் புதிய சங்கத்தை முதலாளிகளை ஒப்புக்கொள்ள வைத்தார். எந்தத் துரோகியும் முதல் நாளே துரோகியாக வருவதில்லை. வாசலில் கோஷம் போடாதவனைத் தொழிலாளி நம்ப மாட்டான் அல்லவா?

ஆனால் முதல் நாளிலேயே கேட்டிருக்க வேண்டிய கேள்விகளும் இருந்தன. இவர் சங்கத் தலைவர். அதே சமயம் பல ஆட்டக்காரர்களுக்குத் தனித்தனியே ஏஜெண்டு. அதே சமயம் சர்வதேசப் போட்டிகளை நடத்துகிற காண்ட்ராக்டர். அதே சமயம் டெலிவிஷன் வியாபாரி. அதே சமயம் கன்சர்வேடிவ் கட்சியின் ஒன்டாரியோ மாகாணத் தலைவர் - 1968 முதல் 1976 வரை. ஒரே ஆளுக்கு எத்தனை தொப்பி! ஒரு தொப்பியில் விழுந்த காசு எந்தத் தொப்பிக்கு மாறுகிறது என்று யார் பார்ப்பது?

1976, 1981, 1984, 1987, 1991 ஆகிய ஆண்டுகளில் "கனடா கோப்பை" என்ற பெயரில் பெரிய சர்வதேசப் போட்டிகள் நடந்தன. நடத்தியவர் ஈகிள்சன். டெலிவிஷனில் கோப்பை என்றால் பக்கத்தில் ஈகிள்சன். 1981 இல் மாண்ட்ரியலில் சோவியத் அணி 8-1 என்று கனடாவை வென்றது. வென்றவர்கள் கோப்பையை ஊருக்கு எடுத்துப் போக வேண்டாமா? முடியாது, கோப்பை கனடாவை விட்டுப் போகாது என்று பிடுங்கி வைத்துக்கொண்டார் இந்தக் கனவான். கனடா மக்களுக்கே வெட்கமாகிவிட்டது. வின்னிபெக்கில் சாதாரண ஜனங்கள் காசு போட்டு அதே மாதிரி ஒரு கோப்பை செய்வித்துச் சோவியத் தரப்பிடம் கொடுத்தார்கள். இந்தச் செய்தியைப் படித்தபோது நமக்கு உள்ளம் குளிர்ந்தது. மக்கள் எங்கும் மக்கள்தான்.

ஆட்டக்காரர்களிடம் 1972 முதல் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டது ஒன்றே: "நாட்டுக்காக ஆடுங்கள். கூலி கேட்காதீர்கள். வருகிற பணம் உங்கள் பென்ஷனுக்குப் போகிறது." அவர்களும் ஆடினார்கள். எலும்பு முறிந்தும் ஆடினார்கள்.

இங்கேதான் பலகைச் சுவருக்கு வருகிறோம். அந்தச் சுவரில் கம்பெனிகள் விளம்பரம் எழுதும். அரங்கத்தில் இருப்பவர்களுக்காக அல்ல. டெலிவிஷன் பார்க்கும் லட்சக்கணக்கானவர்களுக்காக. வட்டு ஓடும் இடமெல்லாம் காமிரா ஓடும். காமிரா ஓடும் இடமெல்லாம் பீர்க் கம்பெனியின் பெயர் தெரியும். ஆட்டக்காரன் அந்தப் பலகையில் மோதித் தோளை உடைத்துக்கொள்கிறான். அந்தக் கணத்தில் பலகைக்கு விலை ஏறுகிறது. அந்தப் பணத்தில் ஒரு பகுதியைத்தான் ஈகிள்சன் சந்தடியில்லாமல் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். நாம் சொல்லவில்லை. 1998 ஜனவரியில் டொரான்டோ கோர்ட்டில் நின்று அவரே ஒப்புக்கொண்டார்.

அதைவிடக் கேவலமானது ஒன்று உண்டு. பாஸ்டன் அணியின் மைக் கில்லிஸ் 1984 இல் கால் முறிந்து ஆட்டத்தை விட்டார். அவருக்கு இன்ஷூரன்ஸ் பணம் 2 லட்சத்து 75 ஆயிரம் டாலர் வர வேண்டும். "கம்பெனி தர மறுக்கிறது, நான் போராடி வாங்கித் தருகிறேன்" என்று சொல்லி அதில் 15 சதவீதம், 41,250 டாலர், கட்டணமாக வாங்கிக்கொண்டார் ஈகிள்சன். உண்மை என்ன? இன்ஷூரன்ஸ் கம்பெனி பணம் தர முன்பே சம்மதித்திருந்தது! கில்லிஸ் சிவில் வழக்குப் போட்டு வென்றார். மெஷினில் கை போன தொழிலாளிக்கு வரும் நஷ்ட ஈட்டில், "ஆபீசில் பேசி வாங்கித் தருகிறேன்" என்று பங்கு கேட்கும் தரகனை நாம் பார்த்ததில்லையா? அவனுக்கு டொரான்டோவில் கோட்டும் டையும் போட்டிருந்தார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

பாபி ஆர் கதை வேறு. ஈகிள்சனை மகன் தந்தையை நம்புவது போல நம்பியவர் அவர். 1976 இல் பாஸ்டன் அணி, தன் உரிமையில் 18.5 சதவீதப் பங்கு தர முன்வந்தது. அதைத் தமக்குச் சொல்லவே இல்லை என்று பாபி ஆர் பின்னாளில் கூறினார். அவர் சிகாகோவுக்குப் போனார். 1978 இல் முழங்கால் ஓய்ந்து விலகியபோது, உலகம் கண்ட மிகச் சிறந்த ஆட்டக்காரர்களில் ஒருவரான அவரிடம் சொத்தைவிடக் கடன்தான் மிகுதி.

பென்ஷன் என்னவாயிற்று? கார்டி ஹோவ் 26 பருவங்கள் இந்த லீகில் ஆடியவர். அவருக்கு வந்த பென்ஷன் ஆண்டுக்கு 15,000 டாலரைக் கூட எட்டவில்லை. பென்ஷன் நிதியில் உபரியாகச் சேர்ந்த பணத்தை முதலாளிகள் தாங்கள் கட்ட வேண்டிய பங்குக்கு ஈடாக எடுத்துப் பயன்படுத்திக்கொண்டிருந்தார்கள். சங்கத் தலைவர் வாய் திறக்கவில்லை. கார்ல் புரூவர் என்ற ஓய்வுபெற்ற ஆட்டக்காரர்தான் விடாமல் காகிதம் காகிதமாகத் தேடினார். ஹோவ் உட்பட ஏழு பேர் வழக்குத் தொடுத்தார்கள். 1992 இல் ஒன்டாரியோ கோர்ட் அந்தப் பணம் ஆட்டக்காரர்களுடையது என்று தீர்ப்பளித்தது. முதலாளிகள் அப்பீல் செய்தார்கள், தோற்றார்கள். 1994 இல் கனடாவின் சுப்ரீம் கோர்ட்டும் கதவை அடைத்தது. திரும்பி வந்த தொகை 4 கோடி டாலருக்கு மேல். சங்கம் செய்ய வேண்டிய வேலையைச் சங்கத்தை நம்பாத ஏழு முதியவர்கள் செய்தார்கள்!

"அவர் இல்லாவிட்டால் கனடா ஹாக்கிக்கு இந்தப் பெருமை ஏது? நல்லதும் கெட்டதும் எல்லோரிடமும் உண்டு" என்று இன்றும் பேசுகிறவர்கள் இருக்கிறார்கள். 1998 இல் அவருக்காகக் கோர்ட்டுக்கு நற்சான்றுக் கடிதம் எழுதியவர்களில் ஒரு முன்னாள் பிரதம மந்திரி உண்டு. ஒரு முன்னாள் சுப்ரீம் கோர்ட் நீதிபதி உண்டு. கூலிக்காரன் ஒரு கண்டு நூலை மடியில் வைத்தால் அவனுக்கு எந்தப் பிரதமர் கடிதம் எழுதுவார்? இந்த நற்சான்றுக்காரர்களின் வாதத்தைச் சற்று உரசிப் பார்ப்போம். பெருமை என்று அவர்கள் சொல்வது எது? பனிக்கட்டியில் ஓடியவர்கள் ஆட்டக்காரர்கள். கோல் போட்டவர் ஹெண்டர்சன். ஈகிள்சன் செய்தது, காமிரா இருக்குமிடத்தில் கையை ஓங்கியது. மாஸ்கோவில் கூட்டத்தை நோக்கி ஓங்கிய அந்தக் கையைச் சிகாகோவில், டொரான்டோவில், நியூயார்க்கில் முதலாளிகளின் மேஜையில் ஒரு தடவையாவது ஓங்கினாரா? அவர் தலைமை வகித்த கால் நூற்றாண்டில் லீக் முழுவதும் தழுவிய வேலைநிறுத்தம் ஒன்று கூட இல்லை. அவர் போன சில மாதங்களில், 1992 ஏப்ரலில், ஆட்டக்காரர்கள் பத்து நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். லீகின் சரித்திரத்தில் அதுவே முதல் தடவை. தைரியம் ஆட்டக்காரர்களிடம் இல்லாமல் போகவில்லை. பூட்டுச் சாவி வேறொருவரின் சட்டைப் பையில் இருந்தது.

ஆட்டக்காரர்கள் மீதும் நமக்கு ஒரு குறை உண்டு. 1989 இல் எட் கார்வி என்ற வேறொரு விளையாட்டுச் சங்கத்தின் முன்னாள் தலைவர் கணக்குகளை ஆராய்ந்து அறிக்கை கொடுத்தார். சங்கப் பணம் ஈகிள்சனுடைய நண்பர்களுக்குக் கடனாகப் போனது உட்படப் பல விஷயங்கள் வெளியே வந்தன. அப்படியும் அந்த ஆண்டுக் கூட்டத்தில் அவர் பதவி தப்பியது. எப்படித் தப்பியது? டெலிவிஷனில் பார்த்த மனிதரை எழுந்து நின்று "கணக்கைக் காட்டும்" என்று கேட்க இருபது வயதுப் பையனுக்கு நாக்கு எழவில்லை. "நமக்காக மாஸ்கோ போலீசோடு மல்லுக்கு நின்றவரிடமா ரசீது கேட்பது?" இந்த ஒரு கூச்சம் எத்தனை சங்கங்களைத் தின்றிருக்கிறது! நாமும் சங்கப் பணியில் இருபது வருஷம் கழித்தவர்கள். சந்தாப் புத்தகத்தை நீட்டி "பாருங்கள் தோழரே" என்றால், "உங்களை நம்பாமலா?" என்று கையெடுத்துக் கும்பிட்டு நகர்கிற தோழர்களைக் கண்டிருக்கிறோம். அந்தக் கும்பிடு நமக்கு வேண்டாம். உட்கார்ந்து கூட்டிப் பாருங்கள். தப்பிருந்தால் முகத்துக்கு நேரே சொல்லுங்கள்.

கடைசியில் பூனைக்கு மணி கட்டியது யார்? கனடாவிலும் ஓரிரு நிருபர்கள் துணிந்து எழுதினார்கள். ஆனால் வேரோடு தோண்டியவர் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாகாணத்தில் லாரன்ஸ் நகரத்துச் சிறு பத்திரிகை ஒன்றின் விளையாட்டுப் பகுதி ஆசிரியர் ரஸ் கான்வே. 1991 செப்டம்பரில் அவர் கட்டுரைத் தொடர் வெளிவரத் தொடங்கியது. நூற்பாலைத் தோழர்களுக்கு லாரன்ஸ் என்ற பெயரைக் கேட்டதும் மெய் சிலிர்க்க வேண்டும். 1912 ஜனவரியில் வேலை நேரத்தை வாரத்துக்கு 56 மணியிலிருந்து 54 ஆகச் சட்டம் குறைத்தபோது, மில் முதலாளிகள் அந்த இரண்டு மணிக் கூலியை வெட்டினார்கள். பல நாட்டுப் பாஷைகள் பேசிய ஆயிரக்கணக்கான பெண்களும் ஆண்களும் குளிரில் தெருவில் இறங்கி, மார்ச்சில் கூலி உயர்வோடு வென்ற ஊர் அது. அந்த ஊரின் பத்திரிகையிலிருந்து இந்த உண்மை புறப்பட்டது. கான்வே டெலிவிஷன் நட்சத்திரங்களைத் தேடிப் போகவில்லை. முழங்கால் போனவர்களையும், முதுகு போனவர்களையும், பென்ஷன் சீட்டை வைத்துக்கொண்டு விழித்தவர்களையும் வீடு வீடாகச் சென்று கேட்டார்.

1994 மார்ச்சில் பாஸ்டனில் 32 குற்றச்சாட்டுகள் பதிவாயின. நான்கு ஆண்டு இழுத்தடித்த பிறகு 1998 ஜனவரியில் ஈகிள்சன் பாஸ்டன் கோர்ட்டில் மூன்று மோசடிக் குற்றங்களை ஒப்புக்கொண்டார். அபராதம் 10 லட்சம் கனடா டாலர். மறுநாள் டொரான்டோவில் இன்னும் மூன்று. 18 மாதச் சிறை. உள்ளே இருந்தது ஆறு மாதம். வக்கீல் சன்னது போயிற்று. நாட்டின் உயர்ந்த விருது பறிக்கப்பட்டது.

2022 இல் அந்த மாஸ்கோ தொடருக்கு ஐம்பது ஆண்டு நிறைந்தபோது கனடா டெலிவிஷனில் பழைய படங்களை மீண்டும் ஓட்டினார்கள். எரியாத விளக்கு, பாய்ந்து ஓடும் வக்கீல், தாண்டிக் குதிக்கும் மஹாவ்லிச், ஓங்கிய கை. படம் அப்படியேதான் இருக்கிறது. லிண்ட்சேயை அணியை விட்டுத் துரத்திய நாளுக்குப் படம் இல்லை. அதை எந்தக் காமிராவும் எடுக்கவில்லை.

லிண்ட்சேயைப் பற்றி ஒன்று சொல்லி முடிக்கிறோம். 1966 இல் ஹாக்கிப் புகழ் மண்டபத்தில் அவர் பெயரைச் சேர்த்தார்கள். விருந்துக்கு மனைவி மக்களை அழைத்துவரக் கூடாது என்றதும், "அப்படியானால் நானும் வரவில்லை" என்று வீட்டிலேயே இருந்துவிட்டார். அதே மண்டபத்தில் 1989 இல் ஈகிள்சனுடைய பெயரையும் சேர்த்து வைத்தார்கள். 1998 மார்ச்சில் பழைய ஆட்டக்காரர்கள் ஒன்றுசேர்ந்து நின்றார்கள்: "அவர் பெயர் இங்கே இருந்தால் எங்கள் பெயர்களை எடுத்துவிடுங்கள்." பாபி ஆர் அவர்களில் இருந்தார். கார்டி ஹோவ் இருந்தார். 72 வயது லிண்ட்சேயும் இருந்தார். நிர்வாகிகள் வாக்கெடுக்கும் வரை ஈகிள்சன் காத்திருக்கவில்லை, தாமே விலகிக்கொண்டார்.